மெக்சிகன் பள்ளிகள்: சட்டமே இல்லாமல் நடந்த ஒதுக்கலும் அதை எதிர்த்த குடும்பங்களும்

அமெரிக்கப் பள்ளிகளில் இன ஒதுக்கல் என்றதும் பலருக்கும் நினைவுக்கு வருவது 1954-ஆம் ஆண்டின் பிரவுன் வழக்குத் தீர்ப்பு. தென் மாநிலங்களில் கறுப்பினப் பிள்ளைகளுக்குத் தனிப் பள்ளி என்று சட்டத்திலேயே எழுதி வைத்திருந்தார்கள். அந்தச் சட்டங்கள் செல்லாது என்று உச்ச நீதிமன்றம் அன்று சொன்னது. அந்தத் தீர்ப்புக்கு முந்தைய அரை நூற்றாண்டில் டெக்சஸ், கலிஃபோர்னியா, அரிசோனா, கொலராடோ மாநிலங்களின் பல ஊர்களில் மெக்சிகோ வம்சாவளிப் பிள்ளைகளும் தனிப் பள்ளிகளில்தான் படித்தார்கள். ஊர் வழக்கில் அவற்றுக்குப் பெயரே ‘மெக்சிகன் பள்ளி’. ஆனால் ‘மெக்சிகோக்காரர்களின் பிள்ளைகளைத் தனியே வையுங்கள்’ என்று பெயர் சொல்லிக் கட்டளையிட்ட சட்டம் இந்த மாநிலங்கள் எதிலும் இருந்ததில்லை.

இந்த ஒன்றைப் பிடித்துக்கொண்டால் மீதி எல்லாம் விளங்கும். சட்டம் இருந்தால் அந்தச் சட்டத்தையே நீதிமன்றத்தில் எதிர்க்கலாம். சட்டம் இல்லாதபோது, பள்ளி நிர்வாகம் என்ன காரணம் சொல்கிறதோ அந்தக் காரணத்தைத்தான் உடைக்க வேண்டும். நிர்வாகங்கள் சொன்ன காரணம் பெரும்பாலும் ஒன்றே: ‘இந்தப் பிள்ளைகளுக்கு ஆங்கிலம் தெரியாது.’ குடும்பங்கள் திருப்பிக் கேட்ட கேள்வியும் ஒன்றே: ‘சோதித்துப் பார்த்தீர்களா?’ 1914 முதல் 1957 வரை நடந்த முக்கிய வழக்குகள் பலவற்றின் சாரம் இதற்குள் அடங்கிவிடும்.

சட்டத்தில் இவர்கள் யார்?

1848-இல் அமெரிக்காவுக்கும் மெக்சிகோவுக்கும் இடையிலான போர் முடிந்து குவாதலூப்பே இதால்கோ உடன்படிக்கை கையெழுத்தானது. இன்றைய கலிஃபோர்னியா, நியூ மெக்சிகோ, அரிசோனாவின் பெரும்பகுதி எல்லாம் அமெரிக்காவின் கைக்கு வந்தன. அங்கேயே தங்கிவிட்ட மெக்சிகோ மக்களுக்கு அமெரிக்கக் குடியுரிமை உண்டு என்றது உடன்படிக்கை. அந்தக் காலத்தில் குடியேறிகளில் ‘வெள்ளையர்’ மட்டுமே குடியுரிமை பெற முடியும் என்பது அமெரிக்கச் சட்டம். எனவே மெக்சிகோக்காரர்களைச் சட்டத்தின் கண்ணில் வெள்ளையர் வரிசையில் வைக்க வேண்டியதாயிற்று. 1897-இல் டெக்சஸில் ஒரு கூட்டாட்சி நீதிமன்றமும் மெக்சிகோவில் பிறந்த ஒருவருக்குக் குடியுரிமை பெறும் தகுதி உண்டு என்று தீர்ப்பளித்தது. பிறகு 1910-இல் மெக்சிகோவில் புரட்சி வெடித்தது. ரயில் பாதை, பருத்தி வயல், ஆரஞ்சு எலுமிச்சைத் தோட்டம் என வேலை தேடி எல்லை தாண்டி வந்தவர்கள் பல லட்சம் பேர். அவர்களின் பிள்ளைகளில் பெரும்பாலோர் அமெரிக்க மண்ணில் பிறந்தவர்கள், அதாவது பிறப்பாலேயே குடிமக்கள். இது வெளிநாட்டுப் பிள்ளைகளின் வழக்கு என்று நினைப்பது புதிதாகப் படிப்பவர்கள் அடிக்கடி செய்யும் தவறு.

அரசுக்கே இதில் குழப்பம் இருந்தது. 1930-ஆம் ஆண்டுக் கணக்கெடுப்பில் மட்டும் ‘மெக்சிகன்’ என்பதைத் தனி இனமாகப் பதிந்தார்கள். மெக்சிகோ அரசும் இங்குள்ள சங்கங்களும் எதிர்த்தன. 1940-இல் அதை எடுத்துவிட்டார்கள்.

இன்னொன்றையும் தெரிந்துகொள்ள வேண்டும். அமெரிக்காவில் பள்ளியை நடத்துவது மாநிலத் தலைநகரம் அல்ல. ஒவ்வொரு ஊருக்கும் அல்லது சில ஊர்களுக்கும் சேர்த்து ஒரு ‘பள்ளி மாவட்டம்’ உண்டு. அந்த ஊர் வாக்காளர்கள் தேர்ந்தெடுக்கும் சில பேர் கொண்ட வாரியம் அதை நிர்வகிக்கும். சொத்து வரி விதிப்பது, கட்டடம் கட்டுவது, எந்தத் தெருப் பிள்ளை எந்தப் பள்ளிக்கு என்று எல்லை வகுப்பது எல்லாம் அந்த வாரியத்தின் கையில். எலுமிச்சைத் தோட்ட முதலாளிகளும் கடைக்காரர்களும் உட்கார்ந்திருந்த சின்ன ஊர் வாரியம் ஒன்று, ஒரு மாலை கூடிப் பேசி, ஒரு தலைமுறைப் பிள்ளைகளின் படிப்பைத் தீர்மானித்துவிட முடிந்தது. தோட்டத்துக்குக் கூலியாட்கள் தேவை. அந்தக் கூலியாட்களின் பிள்ளைகள் உயர்நிலைப் பள்ளி வரை போக வேண்டிய அவசியம் வாரியத்தில் இருந்தவர்களுக்குத் தெரியவில்லை.

ஒதுக்கல் நடந்த விதம்

வழிகள் பல. மெக்சிகோக்காரர்கள் குடியிருந்த பகுதியைச் சுற்றிப் பள்ளி எல்லையை வரைவார்கள். அந்த எல்லைக்குள் தப்பித்தவறி ஓர் ஆங்கிலோ குடும்பம் (ஆங்கிலம் பேசும் வெள்ளையரை அந்தப் பக்கம் அப்படித்தான் சொல்வார்கள்) இருந்தால், அவர்களின் பிள்ளைக்கு வேறு பள்ளிக்கு மாறுதல் எளிதில் கிடைக்கும். எல்லைக்கு வெளியே ஒரு மெக்சிகோக் குடும்பம் இருந்தால் அவர்களின் பிள்ளையை எல்லைக்குள் அனுப்புவார்கள். சில ஊர்களில் குடும்பப் பெயரைப் பார்த்தார்கள். சில இடங்களில் தோலின் நிறத்தைப் பார்த்தார்கள். டெக்சஸில், பருத்தி பறிக்கப் போய்விட்டு நவம்பரில் பள்ளிக்கு வருகிறார்கள், மற்றவர்களோடு சேர்த்தால் பாடம் தடைப்படும் என்றார்கள். தூய்மை இல்லை, தலையில் பேன் என்றார்கள்.

மெக்சிகன் பள்ளியின் உள்ளே பழைய கட்டடம், ஒரே அறையில் பல வகுப்புகள், பக்கத்துப் பள்ளியில் கழித்துக் கட்டிய புத்தகங்கள். பையன்களுக்குத் தச்சு வேலை, பெண் பிள்ளைகளுக்குத் தையலும் வீட்டு வேலையும். ஸ்பானிய மொழியில் ஒரு சொல் பேசினால் அடி. டெக்சஸின் மார்ஃபா என்ற ஊரில் 1909-இல் தொடங்கி 1965 வரை நடந்த பிளாக்வெல் பள்ளியில், 1954-இல் ஒரு சடங்கே நடத்தினார்கள். பிள்ளைகள் ஸ்பானியச் சொற்களைக் காகிதத் துண்டுகளில் எழுத வேண்டும். அவற்றை ஒரு பெட்டியில் போட்டு, கொடிக்கம்பத்துக்குப் பக்கத்தில் குழி வெட்டிப் புதைத்தார்கள். தாய் பேசும் மொழிக்குப் பிள்ளைகள் கையாலேயே இறுதிச் சடங்கு. அந்தக் கட்டடம் 2022-இல் சட்டம் இயற்றித் தேசிய வரலாற்றுத் தலமாக அறிவிக்கப்பட்டது.

முதல் மூன்று வழக்குகள்

கொலராடோவின் அலமோசா ஒரு ரயில்வே ஊர். அங்கே பிரான்சிஸ்கோ மாயெஸ்தாஸ் என்ற ரயில்வே தொழிலாளி தன் மகனை வீட்டுக்கு அருகிலிருந்த பள்ளியில் சேர்க்கப் போனார். மறுத்து, தண்டவாளங்களைத் தாண்டிப் போக வேண்டியிருந்த மெக்சிகன் பள்ளிக்கு அனுப்பினார்கள். பெற்றோர்கள் பிள்ளைகளைப் பள்ளிக்கு அனுப்பாமல் நிறுத்தினார்கள். பிறகு வழக்குப் போட்டார்கள். கொலராடோ அரசமைப்பில் நல்ல ஏற்பாடு ஒன்று இருந்தது: பொதுப் பள்ளிகளில் மாணவர்களை இனத்தாலோ நிறத்தாலோ வகைப்படுத்தக் கூடாது. அதற்கு வாரியம் சொன்ன பதில், ‘மெக்சிகோக்காரர்களும் வெள்ளையர்கள்தானே, அப்புறம் இன வேறுபாடு எங்கே வந்தது? நாங்கள் மொழி பார்த்துத்தான் பிரித்தோம்.’ பிள்ளைகளைச் சாட்சிக் கூண்டில் ஏற்றினார்கள். அவர்கள் ஆங்கிலத்திலேயே பதில் சொன்னார்கள். ஆங்கிலம் தெரிந்த பிள்ளைகளை அருகிலுள்ள பள்ளியில் சேர்க்க வேண்டும் என்று 1914 மார்ச்சில் நீதிபதி ஹோல்புரூக் தீர்ப்பளித்தார்.

அரிசோனாவின் டெம்பியில் 1925-இல் அடால்ஃபோ ரோமோ என்ற பண்ணைக்காரர் தொடுத்த வழக்கு ஆசிரியர்களைப் பற்றியது. மெக்சிகோப் பிள்ளைகள் போன எட்டாம் தெருப் பள்ளியை, பக்கத்திலிருந்த ஆசிரியர் பயிற்சிக் கல்லூரியின் மாணவர்கள் பயிற்சிக் களமாகப் பயன்படுத்தி வந்தார்கள். தகுதி பெற்ற ஆசிரியர் அங்கே, பயிற்சி மாணவர் இங்கே என்றால் அது சமம் அல்ல என்றது நீதிமன்றம். ரோமோவின் நான்கு பிள்ளைகளும் சேர்க்கப்பட்டார்கள். ஆனால் தீர்ப்பு அந்தக் குடும்பத்தோடு நின்றுவிட்டது. தனிப்பட்ட குடும்பத்தின் பெயரில் மட்டும் வழக்குப் போட்டால் இப்படித்தான் ஆகும்: நிர்வாகம் அந்த நான்கு பிள்ளைகளைச் சேர்த்துக்கொண்டு, குறையைச் சற்றே சரிசெய்துவிட்டு, மற்ற எல்லோரையும் பழைய இடத்திலேயே வைத்துக்கொள்ளும்.

மூன்றாவது, டெக்சஸ் எல்லையோரத்து டெல் ரியோ. 1929-இல் கார்பஸ் கிறிஸ்டி நகரில் தொடங்கிய லூலாக் என்ற மெக்சிகோ-அமெரிக்கர் சங்கம் 1930-இல் நடத்திய முதல் பெரிய வழக்கு இது. மெக்சிகன் பள்ளியைக் கடன் பத்திரப் பணத்தில் விரிவாக்க வாரியம் முடிவெடுத்தபோது, ஹேசூஸ் சல்வத்தியெர்ராவும் மற்றப் பெற்றோர்களும் தடை கேட்டார்கள். கீழ் நீதிமன்றத்தில் வென்றார்கள், மேல்முறையீட்டில் தோற்றார்கள். மெக்சிகோக்காரர் என்பதற்காக மட்டும் பிரிப்பது சட்டவிரோதம், ஆனால் மொழிக் காரணத்துக்காகத் தொடக்க வகுப்புகளில் பிரிக்கலாம் என்றது மேல் நீதிமன்றம். அமெரிக்க உச்ச நீதிமன்றம் வழக்கை எடுக்க மறுத்தது. இந்தத் தீர்ப்பின் முதல் பாதி குடும்பங்களுக்குக் கிடைத்த கொள்கை. இரண்டாம் பாதி டெக்சஸ் வாரியங்களுக்குக் கிடைத்த வழிகாட்டி. அடுத்த இருபது ஆண்டுகளில் அதிகம் பயன்பட்டது இரண்டாம் பாதிதான்.

லெமன் குரோவ், 1931

கலிஃபோர்னியாவின் சான் டியாகோவுக்குக் கிழக்கே லெமன் குரோவ் என்ற சிறிய ஊர். ஒரே தொடக்கப் பள்ளி. 169 பிள்ளைகளில் 75 பேர் மெக்சிகோ வம்சாவளி. பெற்றோருக்குச் சொல்லாமலேயே வாரியம் ஒரு முடிவெடுத்து, மெக்சிகோக்காரர் குடியிருப்புக்குள் இரண்டு அறைக் கட்டடம் ஒன்றைக் கட்டியது. 1931 ஜனவரி 5, கிறிஸ்துமஸ் விடுமுறை முடிந்து பள்ளி திறந்த நாள். தலைமை ஆசிரியர் ஜெரோம் கிரீன் வாசலில் நின்றுகொண்டு, ஆங்கிலோ பிள்ளைகளை உள்ளே விட்டார். மெக்சிகோப் பிள்ளைகளைப் புதுக் கட்டடத்துக்குப் போகச் சொன்னார். பிள்ளைகள் வீட்டுக்குத் திரும்பிவிட்டார்கள். பெற்றோர்கள் அந்தக் கட்டடத்துக்கு ‘லா கபாயெரிசா’, அதாவது குதிரை லாயம் என்று பெயர் வைத்தார்கள். பிள்ளைகளை அங்கே அனுப்ப மறுத்தார்கள்.

அது கடும் பொருளாதார மந்தக் காலம். மெக்சிகோக்காரர்களைக் கூட்டம் கூட்டமாக எல்லைக்கு அப்பால் திருப்பி அனுப்பிக்கொண்டிருந்தார்கள். அந்த நேரத்தில் வாரியத்தை எதிர்ப்பதற்குத் தனி நெஞ்சுரம் வேண்டும். வேலையும் போகலாம், நாடும் போகலாம். இருந்தும் அவர்கள் ‘லெமன் குரோவ் அயலார் குழு’ என்ற அமைப்பை உருவாக்கி, சான் டியாகோவில் இருந்த மெக்சிகோத் தூதரகத்தின் உதவியை நாடினார்கள். தூதர் என்ரிக்கே ஃபெரெய்ரா வழக்கறிஞர்களை ஏற்பாடு செய்தார். மனுதாரராக நன்றாக ஆங்கிலம் பேசும் பன்னிரண்டு வயது மாணவர் ரொபர்ட்டோ ஆல்வரெஸை நிறுத்தினார்கள். ‘ஆங்கிலம் தெரியாது’ என்ற காரணத்தை உடைக்க வேண்டுமானால், வழக்கின் முகப்பில் நிற்பவர் ஆங்கிலம் சரளமாகப் பேசுபவராக இருக்க வேண்டும் அல்லவா.

விசாரணையில் நீதிபதி கிளாட் சேம்பர்ஸ் கேட்ட கேள்வி நேரடியானது. ஆங்கிலோ பிள்ளைகள் படிப்பில் பின்தங்கினால் என்ன செய்கிறீர்கள்? கீழ் வகுப்பில் வைத்துக்கொள்கிறோம் என்றது பதில். அப்படியானால் மற்றப் பிள்ளைகளுக்கும் அதையே செய்யலாமே, ஏன் தனிக் கட்டடம்? ஆங்கிலம் பேசும் பிள்ளைகளோடு கலந்து பழகினால்தான் ஆங்கிலம் வரும், பிரித்து வைத்தால் வராது என்று கூறி, பிள்ளைகளைப் பழைய பள்ளியிலேயே மீண்டும் சேர்க்க உத்தரவிட்டார்.

அமெரிக்காவில் பள்ளி ஒதுக்கலுக்கு எதிராகப் பெற்றோர் கூட்டாக வென்ற ஆரம்பகால வழக்குகளில் இது ஒன்று. வாரியம் மேல்முறையீடு செய்யவில்லை. அதனால் பிள்ளைகளுக்கு உடனடி நிம்மதி கிடைத்தது; ஆனால் தீர்ப்பு வேறு எந்த ஊரையும் கட்டுப்படுத்தவில்லை. கீழ் நீதிமன்றத் தீர்ப்பு மேலே போய் உறுதியானால்தான் முன்னுதாரணம் ஆகும். வெற்றி அந்த ஊருக்குள்ளேயே தங்கிவிட்டது. அதே 1931-இல் கலிஃபோர்னியா சட்டமன்றத்தில் மெக்சிகோப் பிள்ளைகளை ‘இந்தியப் பழங்குடி’ (அமெரிக்காவின் பூர்வகுடிகளை அப்படித்தான் சொன்னார்கள்) வரிசையில் சேர்த்து ஒதுக்கலைச் சட்டமாக்க ஒரு மசோதா வந்தது. கீழவையில் நிறைவேறி, மேலவையில் தோற்றது.

ஆரஞ்ச் கவுண்டி: மெண்டெஸ் வழக்கு

இந்தப் போராட்டத்தில் ஒரே ஒரு வழக்கைத் தெரிந்துகொள்ள வேண்டும் என்றால் இதைத் தெரிந்துகொள்ளுங்கள்.

கொன்சாலோ மெண்டெஸ் மெக்சிகோவில் பிறந்தவர். அவர் மனைவி ஃபெலிசிடாஸ் போர்ட்டோ ரிக்கோவில் பிறந்தவர். இரண்டாம் உலகப் போரின்போது முனெமிட்சு என்ற ஜப்பானிய-அமெரிக்கக் குடும்பத்தை அரசு அரிசோனா பாலைவனத்திலிருந்த முகாமில் அடைத்தது. கலிஃபோர்னியாவின் ஆரஞ்ச் கவுண்டியில், வெஸ்ட்மின்ஸ்டர் என்ற ஊரில் அவர்களுக்கிருந்த பண்ணையை மெண்டெஸ் குடும்பம் குத்தகைக்கு எடுத்து நடத்தியது. ஓர் இனத்தை ஊரைவிட்டே அப்புறப்படுத்தியதால் காலியான நிலம், இன்னொரு இனத்தின் வழக்குச் செலவுக்குக் கைகொடுத்தது. பண்ணை முனெமிட்சு குடும்பத்துக்கே போய்ச் சேர்ந்தது என்பதையும் சொல்ல வேண்டும்.

கொன்சாலோவின் அக்காள் சோலெடாட் விதௌரி தன் பிள்ளைகளையும் தம்பியின் பிள்ளைகளையும் பதினேழாம் தெருப் பள்ளிக்கு ஒன்றாக அழைத்துப் போனார். விதௌரி என்ற பெயர் பிரெஞ்சுக்காரர் பெயர்போல ஒலிக்கும். அவருடைய பெண்கள் நல்ல சிவப்பு. அவர்களைச் சேர்த்துக்கொண்டார்கள். கருத்த நிறமும் மெண்டெஸ் என்ற பெயரும் கொண்ட கொன்சாலோவின் மகள் சில்வியாவையும் அவள் தம்பிகளையும் மெக்சிகன் பள்ளியான ஹூவர் பள்ளிக்குப் போகச் சொன்னார்கள். ஒரே வீட்டுப் பேரப் பிள்ளைகள், பேசும் மொழியும் ஒன்றே. மொழிதான் காரணம் என்ற பேச்சு அந்த வாசலிலேயே பொய்யாகிவிட்டது. சோலெடாட் தன் பெண்களையும் அங்கே சேர்க்காமல் எல்லோரையும் கூட்டிக்கொண்டு திரும்பிவிட்டார்.

வழக்கறிஞர் டேவிட் மார்கஸ் ஏற்கெனவே சான் பெர்னார்டினோ நகரப் பூங்காவின் நீச்சல் குளத்தில் மெக்சிகோக்காரர்களை விடாததை எதிர்த்து வென்றவர். அவர் இந்த வழக்கை அமைத்த விதத்தில் பழைய வழக்குகளின் பலவீனங்கள் ஒவ்வொன்றுக்கும் பதில் இருக்கிறது. ஒரு குடும்பம் அல்ல, ஐந்து குடும்பங்கள்: மெண்டெஸ், எஸ்ட்ராடா, குஸ்மான், பலோமினோ, ராமிரெஸ். ஒரு வாரியம் அல்ல, நான்கு: வெஸ்ட்மின்ஸ்டர், கார்டன் குரோவ், சான்டா ஆனா, எல் மொடேனா. தங்களுக்காக மட்டும் அல்ல, தங்களைப் போன்ற சுமார் 5,000 பேருக்காகவும் என்று கூட்டு வழக்காகப் போட்டார். மாநில நீதிமன்றத்துக்குப் போகாமல், அரசமைப்பின் 14-ஆம் திருத்தம் தரும் சமப் பாதுகாப்பு உரிமையைப் பிடித்து, 1945 மார்ச் 2-இல் லாஸ் ஏஞ்சலஸ் கூட்டாட்சி நீதிமன்றத்தில் தாக்கல் செய்தார். கொன்சாலோ பண்ணை வேலையை விட்டுவிட்டு ஊர் ஊராகச் சாட்சி தேடினார். பண்ணையை ஃபெலிசிடாஸ் பார்த்துக்கொண்டார்.

இன்னொரு முடிவும் எடுத்தார் மார்கஸ்: இது இன வழக்கு அல்ல என்று இரு தரப்பும் ஒப்புக்கொள்ளட்டும். காரணம், 1896-இன் பிளெஸ்ஸி தீர்ப்பு அப்போது உயிரோடு இருந்தது. ‘தனியே ஆனால் சமமாக’ இனங்களைப் பிரிக்கலாம் என்றது அது. இனம் என்று சொன்னால் அந்தத் தீர்ப்பு குறுக்கே வரும். மெக்சிகோக்காரர்கள் சட்டப்படி வெள்ளையர் என்றால், அவர்களைப் பிரிக்க எந்தச் சட்டமும் இல்லை. அப்படியானால் நிர்வாகம் செய்தது வெறும் தன்னிச்சை.

1945 ஜூலை விசாரணையில் கார்டன் குரோவ் கண்காணிப்பாளர் ஜேம்ஸ் கென்ட் சாட்சி சொன்னார். மொழிதான் காரணம் என்று தொடங்கியவர், குறுக்கு விசாரணையில் தூய்மை, உடை, வீட்டு நிலைமை என எல்லாவற்றிலும் மெக்சிகோப் பிள்ளைகள் தாழ்ந்தவர்கள் என்று சொல்லும் இடத்துக்கு வந்து சேர்ந்தார். அரசமைப்பு வழக்கில் எதிர்த் தரப்பு வாயாலேயே இப்படி வருவது அரிது. மார்கஸ் கல்வியாளர்களையும் மானிடவியல் அறிஞர்களையும் அழைத்தார்: பிரித்து வைப்பதால் பிள்ளையின் மனத்தில் என்ன ஆகிறது, மொழி கற்பது எப்படித் தடைப்படுகிறது என்று அவர்கள் சொன்னார்கள்.

எல் மொடேனாவைப் பற்றிய விவரம்தான் தீர்ப்பிலேயே மிகத் தெளிவான பகுதி. லிங்கன், ரூஸ்வெல்ட் என இரண்டு பள்ளிகள். இரண்டும் ஒரே வளாகத்தில், இடைவெளி ஏறத்தாழ 120 கெஜம். லிங்கனில் ஸ்பானியம் பேசுவோர் எனப்பட்ட 249 பிள்ளைகள். ஆங்கிலம் பேசுவோர் எனப்பட்டவர் ஒருவர்கூட இல்லை. ரூஸ்வெல்ட்டில் 83 பேர் ஆங்கிலம் பேசுவோர், 25 பேர் மற்றவர். பள்ளி தொடங்கும் நேரம், விடும் நேரம், இடைவேளை எதுவும் இரண்டுக்கும் ஒன்றல்ல. முதல் வகுப்பில் சேரும் மெக்சிகோப் பிள்ளைக்கு நம்பகமான மொழிச் சோதனை எதுவும் கிடையாது. இத்தனைக்கும் அதற்கு முந்தைய பள்ளி ஆண்டில் படிப்பில் லிங்கனின் ஏழாம் வகுப்பு ரூஸ்வெல்ட்டின் ஏழாம் வகுப்பைவிட மேலாக இருந்தது. ‘பின்தங்கியவர்கள்’ என்ற வாதம் வாரியத்தின் சொந்தப் பதிவேட்டிலேயே செத்துப்போனது.

1946 பிப்ரவரி 18-இல் நீதிபதி பால் மக்கார்மிக் குடும்பங்கள் பக்கம் தீர்ப்பளித்தார். மொழிச் சோதனைகள் அவசர கோலமானவை, மேலோட்டமானவை, நம்பத் தகாதவை; சில இடங்களில் பிள்ளையின் பெயரைப் பார்த்தே முடிவெடுத்திருக்கிறார்கள் என்றார். அதோடு நிற்கவில்லை. ஒரே மாதிரிக் கட்டடமும் புத்தகமும் கொடுத்துவிட்டால் சமத்துவம் ஆகிவிடாது, அமெரிக்கப் பொதுக் கல்விக்கு அடிப்படை சமூக சமத்துவம் என்று எழுதினார். வாரியங்கள் மேல்முறையீடு செய்தன. கறுப்பினத்தவரின் உரிமைச் சங்கமான என்.ஏ.ஏ.சி.பி., யூதர் அமைப்பு, ஜப்பானிய-அமெரிக்கர் சங்கம் எல்லாம் குடும்பங்களுக்கு ஆதரவாக எழுத்து வாதம் தாக்கல் செய்தன. என்.ஏ.ஏ.சி.பி.யின் வாதத்தில் தர்குட் மார்ஷலின் பெயர் இருந்தது. பிற்காலத்தில் பிரவுன் வழக்கை உச்ச நீதிமன்றத்தில் வாதாடியவர் அவர்.

1947 ஏப்ரல் 14-இல் ஒன்பதாம் வட்டார மேல்முறையீட்டு நீதிமன்றம் (கலிஃபோர்னியா உள்ளிட்ட மேற்கு மாநிலங்களுக்கான கூட்டாட்சி நீதிமன்றம்) தீர்ப்பை உறுதிசெய்தது, ஆனால் குறுகலான காரணத்தில். கலிஃபோர்னியா சட்டம் பழங்குடி, சீன, ஜப்பானிய, மங்கோலியப் பிள்ளைகளுக்குத்தான் தனிப் பள்ளி அனுமதித்தது. மெக்சிகோப் பிள்ளைகளைப் பிரிக்க அனுமதிக்கவில்லை. ஆகவே வாரியங்கள் செய்தது தவறு. பிளெஸ்ஸியைத் தொடவே இல்லை. மெண்டெஸ் வழக்கு ‘தனியே ஆனால் சமமாக’ கொள்கையை ரத்து செய்தது என்று சில இடங்களில் எழுதியிருப்பார்கள், அது சரியல்ல. ஆனால் தீர்ப்பு வந்த இரண்டே மாதத்தில், மீதமிருந்த அந்தச் சட்டப் பிரிவுகளையும் கலிஃபோர்னியா நீக்கியது. கையெழுத்திட்ட ஆளுநர் எர்ல் வாரன். ஏழு ஆண்டுகள் கழித்துத் தலைமை நீதிபதியாகப் பிரவுன் தீர்ப்பை எழுதியவரும் அவரே.

டெக்சஸ்: முதல் இரண்டு வகுப்பில் நான்கு ஆண்டு

மெண்டெஸ் தீர்ப்பின் கை டெக்சஸ் வரை நீளாது. அது வேறு வட்டாரம். 1948-இல் வழக்கறிஞர் கஸ் கார்சியா, பாஸ்ட்ராப் உள்ளிட்ட பள்ளி மாவட்டங்கள் மீது டெல்காடோ வழக்கை நடத்தினார். ஜூன் 15-இல் நீதிபதி பென் ரைஸ் ஒதுக்கலைத் தடை செய்தார். ஒரே ஒரு விலக்கு மட்டும்: முதல் வகுப்பில், அதே வளாகத்துக்குள், எல்லாப் பிள்ளைகளுக்கும் சமமாகக் கொடுக்கப்படும் அறிவியல் முறையிலான தரச் சோதனையில் ஆங்கிலம் போதாது என்று தெரிந்த பிள்ளைகளுக்கு மட்டும் தனி வகுப்பு வைக்கலாம்.

ஊசி நுழைய விட்ட இடத்தில் உலக்கையை நுழைத்தார்கள் பல வாரியங்கள். விலக்கில் மூன்று நிபந்தனை இருக்கிறது: முதல் வகுப்பு, அதே வளாகம், எல்லோருக்கும் ஒரே சோதனை. மூன்றாவதை விட்டுவிட்டு முதலாவதை இழுத்து நீட்டினார்கள். கார்பஸ் கிறிஸ்டிக்கு அருகில் டிரிஸ்கால் என்ற ஊரில் மெக்சிகோப் பிள்ளைகள் முதல் இரண்டு வகுப்புகளைக் கடக்க நான்கு ஆண்டு ஆனது. ஆறு வயதில் சேர்ந்த பிள்ளை மூன்றாம் வகுப்புக்குப் போகும்போது வயது பத்து. எட்டு வயதுப் பிள்ளைகளுக்கு நடுவில் உட்கார்ந்திருக்கும் அந்தப் பத்து வயதுப் பிள்ளை எத்தனை நாள் பள்ளியில் தங்கும்? படிப்பை விட்டதும், ‘இவர்களுக்குப் படிப்பு ஏறாது’ என்பதற்கு அதையே ஆதாரம் காட்ட முடிந்தது.

1957 ஜனவரியில் இது நீதிபதி ஜேம்ஸ் ஆல்ரெட்டிடம் வந்தது. அந்த ஊரில் ஸ்பானியம் ஒரு சொல்கூடத் தெரியாத, ஆங்கிலம் மட்டுமே பேசும் ஒரு சிறுமியையும் மெக்சிகோ வகுப்பில் உட்கார வைத்திருந்தார்கள். வழக்கறிஞர் தலையிட்ட பிறகுதான் மாற்றினார்கள். மொழி அல்ல, வம்சமே காரணம் என்பதற்கு அதைவிடச் சாட்சி வேண்டாம். பிரித்தது நியாயமற்ற இனப் பாகுபாடு என்றார் ஆல்ரெட்.

‘நாங்களும் வெள்ளையர்’ என்ற வாதத்தின் விலை

வெள்ளையர் என்ற சட்ட நிலை வழக்குகளை வெல்ல உதவியது. அதே நிலை பிறகு திருப்பித் தாக்கியது. 1954 மே 3-இல், பிரவுன் தீர்ப்புக்கு இரண்டு வாரம் முன்பு, ஹெர்னாண்டெஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் டெக்சஸின் ஜாக்சன் கவுண்டியைப் பற்றிப் பேசியது. அது நீதிமன்ற நடுவர் குழுவில் (வழக்கில் குற்றம் உண்டா என்று முடிவு சொல்லும் குடிமக்கள் குழு) மெக்சிகோ-அமெரிக்கர் ஒருவர்கூட 25 ஆண்டாக இல்லை என்ற வழக்கு. அரசுத் தரப்பு, ‘அவர்கள் வெள்ளையர், குழுவிலும் வெள்ளையர் இருந்தார்கள், பாகுபாடு எங்கே?’ என்றது. நீதிமன்றம் ஊரைப் பார்த்தது. பிள்ளைகளுக்கு அண்மைக் காலம் வரை முதல் நான்கு வகுப்பில் தனிப் பள்ளி. உணவகத்தில் மெக்சிகோக்காரர்களுக்கு இடமில்லை என்ற பலகை. நீதிமன்றக் கட்டடத்திலேயே இரண்டு கழிப்பறை. ஒன்றில் பலகை எதுவும் இல்லை, மற்றதில் ‘கறுப்பின ஆண்கள்’ என்றும் அதன் கீழே ஸ்பானியத்தில் ‘ஆண்கள் இங்கே’ என்றும் எழுதியிருந்தது. இந்த ஊரில் இவர்கள் தனிப் பிரிவினராகவே நடத்தப்படுகிறார்கள், எனவே 14-ஆம் திருத்தம் இவர்களையும் காக்கும் என்றது தீர்ப்பு.

பள்ளி வாரியங்கள் இதை ஏற்கவில்லை. கறுப்பினப் பிள்ளைகளைக் கலந்து படிக்க வைக்கச் சொல்லி நீதிமன்றங்கள் நெருக்கியபோது, ஹூஸ்டன் போன்ற நகரங்கள் மெக்சிகோப் பிள்ளைகளை ‘வெள்ளையர்’ கணக்கில் எழுதின. கறுப்பினப் பள்ளியையும் மெக்சிகோப் பள்ளியையும் இணைத்துவிட்டு, வெள்ளையரும் கறுப்பினத்தவரும் கலந்தாயிற்று என்று கணக்குக் காட்டின. ஆங்கிலோ பள்ளிகள் அப்படியே இருந்தன. 1970-இல் ஹூஸ்டன் பெற்றோர்கள் பள்ளிப் புறக்கணிப்பு நடத்தி, தேவாலயங்களிலும் சமூகக் கூடங்களிலும் ‘உவெல்கா பள்ளி’ என்ற பெயரில் வேலைநிறுத்தப் பள்ளிகளைத் திறந்தார்கள்.

அந்த ஆண்டு ஜூன் 4-இல் கார்பஸ் கிறிஸ்டி வழக்கில் நீதிபதி உட்ரோ சீல்ஸ், மெக்சிகோ-அமெரிக்கர் அடையாளம் காணத்தக்க தனிச் சிறுபான்மையினர், பிரவுன் தீர்ப்பு இவர்களுக்கும் பொருந்தும் என்று கூறினார். அதைத் தொடுத்தவர்கள் உருக்காலைத் தொழிற்சங்கத்தைச் சேர்ந்த தொழிலாளர்கள். 1973-இல் டென்வர் பற்றிய கீஸ் வழக்கில் உச்ச நீதிமன்றமும் அந்த நிலைக்கு வந்தது.

பணம்

அதே 1973-இன் மார்ச் 21-இல் இன்னொரு கதவு மூடியது. சான் அன்டோனியோவின் எட்ஜ்வுட், பெரும்பாலும் மெக்சிகோ-அமெரிக்கர் வாழும் பள்ளி மாவட்டம். அங்கே ஒரு மாணவருக்கு ஆண்டுக்கு 356 டாலர் செலவழிக்க முடிந்தது. அதே நகரின் வசதியான அலமோ ஹைட்ஸில் 594 டாலர். எட்ஜ்வுட் மக்கள் சொத்துக்கு ஏற்ற விகிதத்தில் அதிக வரி கட்டினார்கள். வீடுகளின் மதிப்புக் குறைவு என்பதால் வசூல் குறைந்தது. டிமெட்ரியோ ரொட்ரிகெஸும் மற்றப் பெற்றோர்களும் தொடுத்த வழக்கில், 5-க்கு 4 என்ற கணக்கில், கல்வி கூட்டாட்சி அரசமைப்பு தரும் அடிப்படை உரிமை அல்ல என்று உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. வாசலில் நின்று பிள்ளையைத் தடுக்கும் தலைமை ஆசிரியரை நீதிமன்றத்தில் நிறுத்த முடிந்தது. சொத்து வரிப் பட்டியலை நிறுத்த அன்று முடியவில்லை.

எட்ஜ்வுட் மக்கள் விடவில்லை. கூட்டாட்சி அரசமைப்பை விட்டுவிட்டு டெக்சஸ் மாநில அரசமைப்பை எடுத்துக்கொண்டு, 1984-இல் மாநில நீதிமன்றத்துக்குப் போனார்கள். 1968-இல் தொடங்கிய மெக்சிகோ-அமெரிக்கர் சட்ட நிதியம் வழக்கை நடத்தியது. 1989 அக்டோபரில் டெக்சஸ் உச்ச நீதிமன்றத்தின் ஒன்பது நீதிபதிகளும் ஒருமனதாக, பள்ளிக்குப் பணம் ஒதுக்கும் முறை மாநில அரசமைப்புக்கு முரணானது என்று தீர்ப்பளித்தார்கள். அந்தத் தீர்ப்பின்படி, ஒரு மாணவருக்கு எட்ஜ்வுட்டில் இருந்த சொத்து மதிப்பு 38,854 டாலர். அலமோ ஹைட்ஸில் 5,70,109 டாலர். அதன் பிறகு சட்டமன்றம் புதுப் பகிர்வு முறைகளைக் கொண்டுவருவதும், அவற்றை எதிர்த்து வழக்குகள் வருவதும் டெக்சஸில் பல ஆண்டு நீடித்தது. 1993-இல் பணக்கார மாவட்டங்கள் தங்கள் வரி வசூலில் ஒரு பங்கைப் பிற மாவட்டங்களோடு பகிர வேண்டும் என்று சட்டம் வந்தது.